நாற்பத்திரண்டு ஷாட் எருமை

சொர்க்கத்தின் விலை பதினொன்றரை லட்சம் ரூபாய். ஜிஎஸ்டி தனி. கற்பக மரம் வேண்டுமென்றால் மேலே ஒரு நாற்பதாயிரம். அதிலிருந்து பூ உதிர வேண்டுமென்றால் இன்னொரு பதினைந்து. நரகம் இன்னும் கொஞ்சம் கூடுதலாகும். தீ இருக்கிறதல்லவா? தீயும் தண்ணீரும் இந்தத் தொழிலில் என்றைக்கும் விலை இறங்காத சரக்கு.

இந்த விலைப்பட்டியலை ஆனந்தகுமார் வெள்ளைச்சாமி அண்ணாச்சியின் மேஜைமேல் வைத்தபோது, கீழே ஆடித் தள்ளுபடிக் கூட்டம் படியேறி இறங்கிக்கொண்டிருந்தது. தி.நகரில் அண்ணாச்சிக்கு மூன்று மாடி ஜவுளிக்கடை. நான்காவது மாடியில், பிரிக்காத சேலைக்கட்டுகளுக்கும் கை ஒடிந்த துணிக்கடைப் பொம்மைகளுக்கும் நடுவே, அவருடைய சினிமாக் கம்பெனி. அண்ணாச்சி பட்டியலை ஜன்னல் வெளிச்சத்துக்கு நேராகத் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். ஜரிகை பார்த்துப் பழகிய கை.

"சொர்க்கத்துல தூணு எத்தன போட்டிருக்கே?"

"அறுபத்து நாலு, அண்ணாச்சி."

"எவன்டே எண்ணப் போறான்? நாப்பது போடு. தேவலோகத்து ஆளுங்க?"

"முந்நூறு பேர்."

"முந்நூறு பேரும் ஒரே நாள்லயா வேலைக்கு வருவான்? பாதிப் பேரு லீவுன்னு வச்சுக்கிடு. இப்போ வெலையச் சொல்லு."

"ஒன்பதே முக்கால்."

"எட்டு."

"எட்டுக்கு மேகம் வராது அண்ணாச்சி. வெறும் தரைதான்."

"வெறும் தரைன்னா அதுக்குப் பேரு சொர்க்கமாடே? கல்யாண மண்டபம்லா."

எட்டரைக்கு முடிந்தது. மேகம் உண்டு, ஆனால் நகராது.

ஆனந்தகுமாருக்கு இதெல்லாம் பிறந்த வீட்டுப் பேச்சு. அவன் அப்பா பக்கத்துத் தெருவில் பாத்திரக்கடை வைத்திருக்கிறவர். பள்ளிக்கூடம் விட்டதும் கல்லாவுக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, 'கடைசி விலை' என்று சொன்ன பிறகும் மூன்று விலை உண்டு என்பதைக் கண்ணால் பார்த்து வளர்ந்தவன். அவன் அனிமேஷன் படிக்கப் போகிறேன் என்றபோது அப்பா ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்: "கிலோ என்ன வெலைக்குப் போகும்?"

பதினான்கு வருடமாகியும் அந்தக் கேள்விக்கு ஒழுங்கான பதில் அவன் கையில் இல்லை. காரணம், அவன் தொழிலில் சரக்கு கண்ணில் பட்டால் அது மட்டச் சரக்கு. கண்ணில் படாவிட்டால்தான் முதல் தரம். கண்ணில் படாத சரக்குக்கு எவன் முழுக் காசு கொடுப்பான்? முதல் நான்கு வருடம் கதாநாயகர்கள் பறக்கும்போது அவர்கள் இடுப்பில் கட்டியிருந்த கம்பியை அழித்தான். அடுத்த மூன்று வருடம் இடுப்பையே அழித்தான். தொப்பைக்கு அங்குலக் கணக்கு. பாட்டு என்றால் மொத்தமாக ஒரு பேச்சு, சட்டையைக் கழற்றிச் சண்டை போட்டால் இரண்டு மடங்கு. அதன் பிறகு விக்கின் ஓரம், கழுத்தின் மடிப்பு, கண்ணுக்குக் கீழே பை. அம்மா ஒவ்வொரு படத்தையும் தியேட்டரில் பார்த்துவிட்டு வந்து, "எல்லாம் நல்லாத்தான் இருந்துச்சு, நீ எங்கப்பா வந்தே?" என்பாள்.

"அந்த அங்கிள் தொப்பை இல்லாம இருந்தாருல்ல? அதுதாம்மா நான்."

பிறகு காற்று மாறி அடித்தது. கையில் பத்துக் கோடி வைத்திருந்த ஆளெல்லாம் அரசர், அரக்கர், தேவலோகம் என்று இறங்கினார்கள். அபிராமபுரத்தில் ஒரு பல் மருத்துவமனைக்கு மேல்மாடியில் ஆனந்தகுமார் சொந்தக் கடை போட்டான். ஆறு பேர், ஒன்பது கம்ப்யூட்டர், ஒரே ஒரு ஏசி. ஏசி கம்ப்யூட்டருக்கு வாங்கியது; ஆறு பேரும் அதன் தயவில் இருந்தார்கள்.

அண்ணாச்சி எடுத்துக்கொண்டிருந்த படத்துக்குப் பெயர் 'தென்திசை வேந்தன்'. எமதர்மராஜாவே பூமிக்கு வந்து ஒரு கிராமத்து நிலத்தகராறைத் தீர்த்து வைக்கும் கதை. அதில் ஏழு தலைப் பாம்பு உண்டு, பறக்கும் குதிரை உண்டு, எம கிங்கரர் நானூறு பேர் உண்டு. பாம்பையும் குதிரையையும் கிங்கரரையும் அண்ணாச்சியின் மைத்துனர், அசோக் நகரில் இருக்கிறவர், உறவுமுறை விலைக்கு எடுத்துக்கொண்டார். சொர்க்கமும் எமனின் எருமையும் ஆனந்தகுமாருக்கு வந்தன.

எருமைதான் அவனுக்கு வேண்டியிருந்தது. ஹைதராபாத்தில் ஒரு பெரிய கம்பெனி முழுக்க விலங்குகளை வைத்தே ஒரு படம் எடுக்கப் போகிறது. விலங்குப் பிரிவுக்குத் தலைமை தாங்க ஆள் தேடுகிறது. அங்கே இருந்த ராகேஷ் என்பவர் போனில் வெட்டு ஒன்று துண்டு இரண்டாகச் சொல்லிவிட்டார்: "தொப்பை, விக் எல்லாம் வேண்டாம் ஆனந்த். நீங்க செஞ்ச மிருகம் ஒண்ணு வேணும். ரிலீஸ் ஆன படத்துல. உங்க பேரோட."

"எருமை ஷாட்டுக்கு என்ன?" என்றார் அண்ணாச்சி.

"பன்னெண்டாயிரம். நாப்பத்திரண்டு ஷாட்."

"ஏழு."

"ஆறரைக்கே செய்யறேன் அண்ணாச்சி."

அண்ணாச்சி நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். முப்பத்தைந்து வருட வியாபாரத்தில் அவர் கேட்ட விலைக்குக் கீழே ஒருத்தன் இறங்கி வந்தது இதுதான் முதல் தடவை. அவருக்குப் பயமாகிவிட்டது.

"என்னடே, ஏழுன்னு சொன்னா ஆறரைங்கே? மாட்டுல ஏதும் கொறையா?"

"குறை ஒண்ணும் இல்ல. டைட்டில்ல தனி கார்டு வேணும். 'எருமை உருவாக்கம்: ஆனந்தகுமார்'. பக்கத்துல வேற யார் பேரும் இருக்கக் கூடாது."

"பேருக்கா ரெண்டு லச்சத்த விடுதே? ஒங்கப்பாவுக்குத் தெரியுமாடே?"

"தெரியாது. நீங்களும் சொல்லாதீங்க."

சைதாப்பேட்டையில் ஆற்றோரம் கெங்கம்மாவின் மாட்டுக் கொட்டகை. எட்டு எருமை, காலையும் மாலையும் நூறு வீட்டுக்குப் பால். ஆனந்தகுமாரும் ஷண்முகப்ரியாவும் கேமராவோடு போய் நின்றார்கள். ஷண்முகப்ரியா அவனிடம் ஐந்து வருடமாக வேலை பார்க்கிறவள்; தோல், முடி, சேறு என்றால் அவளை விட்டால் ஆள் கிடையாது.

"இன்னாத்துக்கு நைனா எருமைய போட்டோ புடிக்கிறே? மாப்ள வூட்டுக்கு அனுப்பப் போறியா?" என்றாள் கெங்கம்மா.

"சினிமாவுக்கு கெங்கம்மா."

"சினிமாவா? அப்ப மணிக்கு ஐந்நூறு. மூஞ்சி மட்டும்னா முந்நூறு."

பதினொரு நாள் போனார்கள். கொட்டகையில் மூத்தது தங்கம் என்ற எருமை. அதன் முதுகில் சேறு காய்ந்து வெடிக்கும் விதம், காது மடலின் முடி, மூச்சு விடும்போது ஒரு கணம் பின்தங்கி அசையும் வயிறு, எல்லாவற்றையும் எடுத்தார்கள். ஷண்முகப்ரியா ஈக்களுக்கு மட்டும் நான்கு நாள் செலவழித்தாள். மொத்தம் பதினொரு ஈ. ஒவ்வொன்றுக்கும் தனி வழி, தனி குணம். முதலில் செய்த எருமையை லேப்டாப்பில் கெங்கம்மாவுக்குப் போட்டுக் காட்டியபோது அவள் உதட்டைப் பிதுக்கினாள்.

"இது ஆள பாக்குதே நைனா. எருமை எங்கனா ஆள பாக்குமா? நீ எதுத்தாப்ல நின்னாலும் உன்னைத் தாண்டி அப்பால பாக்கும். உன்ன ஒரு பொருட்டாவே மதிக்காது. தாசில்தாரு கணக்கா."

கண்ணை மாற்றினார்கள். மாட்டின் பார்வையை எதிரில் நிற்கிறவனின் தோளுக்கு ஒரு சாண் பின்னால் கொண்டுபோய் வைத்தார்கள். அடுத்த முறை போட்டுக் காட்டியபோது கெங்கம்மா திரைக்குக் கிட்டே குனிந்தாள். பிறகு, "த, காதுகிட்ட பாரு, கடிச்சிக்கினே கீது" என்று கையை நீட்டித் திரைமேல் இருந்த ஈயை ஓட்டினாள்.

அன்றைக்குச் சைதாப்பேட்டை ரயில் நிலையம் வரை ஆனந்தகுமார் வாய்க்குள் ஏதோ பாட்டை முணுமுணுத்தபடி நடந்தான். ஷண்முகப்ரியா கேட்காததுபோல் வந்தாள்.

ரிலீசுக்கு எட்டு நாள் இருக்கும்போது பரத்வாஜ் அபிராமபுரத்துக்கு வந்தார். மயிலாப்பூர்க்காரர், அண்ணாச்சி கம்பெனியின் மேனேஜர், காகிதம், கையெழுத்து, ரப்பர் ஸ்டாம்ப் சம்பந்தப்பட்ட எதுவும் அவர் கைவழியாகத்தான் போகும். கையில் ஒரு கடிதம்.

"சென்சார் சர்ட்டிபிகேட்டுக்குப் போன படம் நின்னுண்டிருக்கு ஆனந்த். ஒரே ஒரு ஆட்சேபணை சொல்லியிருக்கா."

"பாம்பா சார்?"

"பாம்பைப் பத்தி ஒருத்தரும் வாயே திறக்கலை. குதிரை ஓகே. கிங்கராள் நானூறு பேரும் ஓகே. எருமைக்கு டாக்டர் சர்ட்டிபிகேட் எங்கேன்னு கேக்கறா. நிஜ மாட்டை வச்சு எடுத்துட்டு பர்மிஷன் வாங்கலையாம்."

ஆனந்தகுமாருக்குள் ஆயிரம் வாலாப் பட்டாசு வெடித்தது. பதினான்கு வருடத்தில் அவனுக்குக் கிடைத்த முதல் விருது அந்தக் கடிதம்தான். வாங்கி இரண்டு முறை படித்தான். மூன்றாம் முறை படிக்கும்போதுதான் அதன் கடைசி வரி கண்ணில் பட்டது: உரிய சான்றுகள் வரும்வரை படத்துக்குச் சான்றிதழ் கிடையாது.

மறுநாள் லேப்டாப்போடு போய் அதிகாரி முன்னால் உட்கார்ந்தான். அதிகாரி நல்ல மனிதர், தண்ணீர் கொடுத்தார். எருமையின் முதல் நிலையைத் திறந்து காட்டினான்: சாம்பல் நிறத்தில் கோடுகளால் பின்னிய உருவம்.

"இது வலை மாதிரி இருக்கே."

"ஆமா சார். இதுக்கு மேலதான் தோல்."

"தோலை உரிச்சீங்களா?"

"உரிக்கல சார், போட்டோம்."

"எந்த எருமையோட தோலை?"

"எந்த எருமையோடதும் இல்ல சார். நாங்களே வரைஞ்சது."

அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "தம்பி, நான் தஞ்சாவூர்ப் பக்கம். எங்க வீட்ல ஆறு எருமை நின்னுச்சு. எனக்கா எருமை தெரியாது? எமன் வேஷம் போட்டவரு எடை எவ்வளவு?"

"நூத்துப் பத்து இருப்பார்."

"நூத்துப் பத்து கிலோவை அது முதுகுல ஏத்தி விட்டிருக்கீங்க. அது பாவம், வலியப் பொறுத்துக்கிட்டு எங்கயோ பாத்துக்கிட்டு நிக்குது. எனக்கே கண்ணு கலங்கிருச்சு."

"சார், அவர் உக்காந்தது பச்சைத் துணி சுத்தின தண்ணி டிரம்முல!"

"எல்லாரும் அப்படித்தான் சொல்வாங்க. கிராபிக்ஸ்தான்னு சாதிச்சீங்கன்னா நிபுணர் குழு பாக்கணும். அது அடுத்த மாசம் பதினெட்டாம் தேதி கூடுது. இல்லேன்னா பாத்ததும் தெரியணும். அந்தப் பாம்பு இருக்கு பாருங்க, எவ்வளவு நேர்மையா இருக்கு! மூணு செகண்டுல எங்களுக்குத் திருப்தி. நிஜ மாடுன்னா இன்னும் சுலபம். மாட்டுக்காரர் கடிதம், டாக்டர் சான்று, கம்பெனியோட உறுதிமொழி. ரெண்டு நாள்ல முடிஞ்சுடும்."

நான்காவது மாடியில் அண்ணாச்சி இதை முழுக்கக் கேட்டார். அவருக்குக் கோபமே வரவில்லை. சட்டம் என்பது அவருக்கு மழை மாதிரி. திட்டுவதில்லை, பந்தல் போடுவார்.

"ரெண்டு வழி இருக்கு ஆனந்தா. ஒண்ணு, எருமையக் கொஞ்சம் கெடுத்துக் குடு. மச்சான் பாம்பு மாதிரி ஆக்கிரு. ஒம் பேரும் கார்டுல இருக்கும், படமும் சொன்ன தேதிக்கு வரும். இல்லையா, நெச எருமைன்னு எழுதிக் குடுத்துருவோம். அப்போ கார்டு கிடையாது. நெச எருமைய உருவாக்குனது ஆருன்னு போடுததாம், பிரம்மான்னா?"

"கெடுக்கறதுக்கு எத்தனை நாள் இருக்கு?"

"நாளைக்குச் சாயங்காலம். கெடுக்கதுக்கு எதுக்குடே நாளு?"

ஆனால் கெடுப்பது அத்தனை சுலபமாக இருக்கவில்லை. மறுநாள் காலை பத்து மணிக்கு ஆரம்பித்தார்கள்.

"எவ்வளவு கெடுக்கணும் ஆனந்த்ண்ணா?" என்றாள் ஷண்முகப்ரியா. அவள் முகத்தைப் பார்த்தால் சொந்தப் பிள்ளைக்கு மொட்டை போடச் சொன்ன மாதிரி இருந்தது.

"பாத்ததும் தெரியணும்."

"ஒரு பர்சன்டேஜ் சொல்லுங்க."

முதலில் பதினொரு ஈயையும் எடுத்தார்கள். எருமை குளித்துவிட்டு வந்ததுபோல் நின்றது. தோலுக்குப் பிளாஸ்டிக் மினுமினுப்புக் கொடுத்தார்கள்; மழையில் நனைந்த எருமையானது. காலைத் தரையில் படாமல் தூக்கினார்கள். எமனுடைய வாகனம்தானே, மிதந்தால் என்ன என்று தோன்றியது. வாலைத் தப்பான நேரத்தில் ஆட்டினார்கள். இன்னும் உயிரோடு இருப்பதுபோல் பட்டது.

"ச்சே, என்னண்ணா இது, எவ்வளவு அடிச்சாலும் சாவ மாட்டேங்குது!"

மூன்று மணிக்கு ஆனந்தகுமாரே மௌஸை வாங்கிக் கண்ணைத் திருப்பினான். எருமை நேராக ஆளைப் பார்த்தது. அவ்வளவுதான். தோல், சேறு, மூச்சு எல்லாம் ஒரே நொடியில் கடையில் விற்கும் பொம்மையாகிவிட்டன. அதிகாரி பார்த்தால் மூன்று செகண்டுகூட ஆகாது; ஒன்றே போதும்.

"முடிஞ்சுது" என்றான்.

ஷண்முகப்ரியா நாற்காலியைப் பின்னால் தள்ளி எழுந்தாள். பையை எடுத்துக்கொண்டு டீ குடிக்கப் போனாள்.

அவன் டைட்டில் கார்டையும் அந்த எருமையையும் அடுத்தடுத்து ஓட்டிப் பார்த்தான். கறுப்புத் திரையில் தங்க எழுத்தில் 'எருமை உருவாக்கம்: ஆனந்தகுமார்'. அதற்கு அடுத்து இது. தலையை ஆட்டி ஆளை முறைக்கும் இது. மறுபடி ஓட்டினான். ராகேஷ் பார்ப்பார், அம்மா பார்ப்பாள், தி.நகரில் பாதி உறவுக்காரர்கள் பார்ப்பார்கள். அம்மா இந்த முறை, நீ எங்கே வந்தாய் என்று கேட்க மாட்டாள். தெளிவாகத் தெரியும்.

பாத்திரக்கடையில் பேர் வெட்டித் தருவதற்கு ஒரு சின்ன மெஷின் உண்டு. கல்யாணப் பாத்திரம், கோயில் பாத்திரம் எதுவானாலும் அப்பாவே உட்கார்ந்து வெட்டுவார். அடி ஒடுங்கிய சரக்கை யாராவது பாதி விலைக்குக் கேட்டால் கொடுத்துவிடுவார். பேர் மட்டும் வெட்டித் தர மாட்டார். எவ்வளவு கெஞ்சினாலும் கிடையாது. மெஷின் ரிப்பேர் என்பார்.

ஆனந்தகுமார் கெடுத்த நாற்பத்திரண்டு ஷாட்டையும் அழித்தான். பரத்வாஜுக்குப் போன் போட்டான்.

"சார், நிஜ மாடுன்னே எழுதிடுங்க."

"நன்னா யோசிச்சிண்டு சொல்லுங்கோ. கார்டு போயிடும். அப்புறம் எங்கிட்ட வந்து அழக் கூடாது."

"எழுதிடுங்க சார்."

பரத்வாஜ் இரண்டே நாளில் எல்லாவற்றையும் சேர்த்துவிட்டார். அடையாறிலிருந்து ஒரு கால்நடை மருத்துவர் வந்து தங்கத்தைச் சோதித்து, உடல்நலம் திருப்தி, நடிப்பினால் மன உளைச்சல் எதுவும் இல்லை என்று எழுதிக் கொடுத்தார். எமன் வேஷக்காரர் மூக்கில் கைக்குட்டையோடு வந்து, தங்கத்துக்குப் பக்கத்தில் பத்து நிமிடம் நின்று, கைக்குட்டையை எடுத்துவிட்டு ஒரு போட்டோவுக்கு மட்டும் சிரித்தார். கெங்கம்மா கைநாட்டு வைக்கவில்லை; எழுத்துக் கூட்டிக் கையெழுத்தே போட்டாள், ஆனால் ஒரு நிபந்தனையோடு.

"எம் மாடு நடிச்சிக்கீதுன்னா எம் பேரு போடணும். ஏரியாவும் போடணும். இல்லாங்காட்டி எவன் நம்புவான்?"

கம்பெனியின் உறுதிமொழியில், எருமை வரும் காட்சிகளில் கிராபிக்ஸ் எதுவும் பயன்படுத்தப்படவில்லை என்று இருந்தது. கீழே நான்கு கையெழுத்து. நான்காவது ஆனந்தகுமாருடையது.

படம் சொன்ன தேதியில் வந்தது. காலியாக இருந்த அந்த இடத்தில் கார்டு விழுந்தது: 'எருமை: தங்கம். உதவி: கெங்கம்மா, சைதாப்பேட்டை'. ஆனந்தகுமாரின் பெயர் கடைசியில், கிராபிக்ஸ் என்ற தலைப்பின் கீழே, பாம்பு செய்த மைத்துனரின் ஆட்கள் இருபத்தாறு பேரோடு சேர்ந்து ஓடியது. விமர்சனம் எழுதியவர்கள் எல்லாம் பேசி வைத்துக்கொண்டதுபோல் ஒரே மாதிரி எழுதினார்கள்: கிராபிக்ஸ் படு மோசம், நகராத மேகம், ரப்பர் பாம்பு, ஒரே ஆறுதல், அந்த நிஜ எருமை. எமன் வேஷக்காரர் பேட்டியில் நெகிழ்ந்துபோனார். "மூணு மாசம் தங்கத்தோடவே பழகினேன். கடைசியில என் கையால வச்சாத்தான் வைக்கோல் எடுக்கும்" என்றார். அதைச் சொல்லும்போது அவர் குரல் உண்மையாகவே கம்மியது. நடிகர்தான் என்று ஆனந்தகுமார் முதல் முறையாக ஒத்துக்கொண்டான்.

இரண்டாவது வாரம் ராகேஷ் கூப்பிட்டார். அவனுடைய ஷாட்களின் தொகுப்பை ஒரு மாதத்துக்கு முன்பே அவன் அனுப்பியிருந்தான்.

"ஆனந்த், படம் பாத்தேன். எருமை பிரமாதம். அதனாலதான் ஒரு விஷயம் கேக்கணும். அதை எப்படி உங்க வேலைன்னு அனுப்பினீங்க? அது நிஜ மாடு. ஆரம்பத்துலயே சான்று காட்டறாங்க, மாட்டோட பேரே போட்டிருக்காங்க."

ஆனந்தகுமார் வாயைத் திறந்தான். வலைக்கோடு எருமை, தோல், ஈ ஒவ்வொன்றும் தனித்தனியாகக் கம்ப்யூட்டரில் இருந்தது. ஐந்து நிமிடத்தில் அனுப்பினால் ராகேஷ் நம்புவார், தொழில் தெரிந்தவர். நம்பினால் நாலு பேரிடம் சொல்லுவார். அந்த நாலு பேர் சொன்னால் உறுதிமொழி பொய்யாகும், படம் தியேட்டரிலிருந்து இறங்கும், பரத்வாஜ் மாட்டுவார், கெங்கம்மாவை யாராவது விசாரணைக்குக் கூப்பிடுவார்கள். நான்காவது கையெழுத்துக்காரனும் போய் நிற்க வேண்டியிருக்கும்.

"தப்பா சேந்துடுச்சு சார்" என்றான். "அது எங்க ரெஃபரன்ஸ் ஃபோல்டர்ல இருந்தது."

"பரவாயில்ல, நடக்கும். உங்க சொர்க்கமும் பாத்தேன்" என்று ராகேஷ் கொஞ்சம் நிறுத்தினார். அந்த நிறுத்தத்திலேயே வேலை போய்விட்டது. "இன்னொரு உதவி ஆனந்த். அந்த அம்மா நம்பர் கிடைக்குமா? எங்களுக்கு ரெண்டு எருமை வேணும்."

நம்பரைக் கொடுத்தான். பிறகு நேரே தி.நகருக்குப் போய் நான்காவது மாடி ஏறினான். எருமைக்கான பில் இன்னும் அண்ணாச்சியிடம்தான் கிடந்தது.

"எந்த எருமைக்குடே?" என்றார் அண்ணாச்சி. குரலில் வஞ்சகம் இல்லை, நியாயமான சந்தேகம்தான். "நெச எருமைக்கு எதுக்கு கிராபிக்ஸ் பில்லு? ஆடிட்டர் ஒத்துக்கிட மாட்டாருப்பா. உறுதிமொழில நீயே கையெழுத்துப் போட்டிருக்கே. நாளைக்கு ஒருத்தன் வந்து ரெண்டு பேப்பரையும் சேத்து வச்சுப் பாத்தா எங் கத என்னாகும்?"

ஆனந்தகுமார் அவரைப் பார்த்தான். எத்தனையோ மாதங்களாக அவனுக்குள் தூங்கிக்கொண்டிருந்த பாத்திரக்கடைக்காரன் மெதுவாக எழுந்து சோம்பல் முறித்தான்.

"நியாயம் அண்ணாச்சி. மாட்டு வாடகை பில்லுன்னா ஆடிட்டர் ஒத்துக்குவாரா?"

அண்ணாச்சி பேனாவைக் கீழே வைத்தார். ஆனந்தகுமார் அதை எடுத்து ஒரு தாளில் எழுதிக்கொண்டே சொன்னான்.

"நாப்பத்திரண்டு நாள் வாடகை. தீனி தனி. பருத்திக்கொட்டை, புண்ணாக்கு, வைக்கோல். குளிப்பாட்ட ஆள் கூலி. சைதாப்பேட்டையிலிருந்து வண்டிச் சத்தம், போக வர. கெங்கம்மா பேர்ல பில் வரும். மொத்தம் மூணு லட்சத்து நாப்பதாயிரம்."

அண்ணாச்சியின் முகத்தில், வெகுநாளைக்குப் பிறகு ஊர்க்காரனைப் பார்த்த மலர்ச்சி. "பில்லக் கொண்டா" என்று வாங்கி ஜன்னலுக்கு நேராகப் பிடித்தார்.

"ஏ, ஒரு நாளைக்கு நாலு கிலோ பருத்திக்கொட்டையா? நல்லாருக்கே கத! படத்துல அந்த மாடு ஒரு வாய்கூடத் திங்கலையேடே!"

"ஷாட் இல்லாத நேரத்துல தின்னுச்சு அண்ணாச்சி."

"ரெண்டு கிலோ போடு."

"எமனைச் சுமந்த மாடு. ரெண்டு கிலோ தின்னா எழுந்திருக்காது. மூணு."

"குளிப்பாட்டுத கூலிய எடு. மேலெல்லாம் சேறாத்தான நின்னுச்சு? நான் பாத்தேன்லா."

"அந்தச் சேறு பூசினதுக்குத்தான் கூலி."

இல்லாத மாடு தின்ற தீனிக்கு முக்கால் மணி நேரம் பேரம் நடந்தது. இடையில் இரண்டு முறை டீ வந்தது. வண்டி வாடகையில் அண்ணாச்சி பிடிவாதமாக நின்றார், வைக்கோலில் ஆனந்தகுமார். கடைசியில் இரண்டு லட்சத்து எழுபத்து மூவாயிரத்தில் கை கொடுத்துக்கொண்டார்கள். நாற்பத்திரண்டை ஆறாயிரத்து ஐந்நூறால் பெருக்கினால் வரும் தொகை. அண்ணாச்சிக்கு அது தெரியாமலில்லை.

"பாத்திரக்கடைப் பையன்தாம்டே நீ. எதுக்கு இந்தப் படம் வரையுத வேலைக்கு வந்தே?" என்றார்.

செக் கெங்கம்மா பேரில் போயிற்று. நான்கு நாள் கழித்து, காலைப் பால் முடிந்த நேரத்தில், அவன் கொட்டகைக்குப் போனான். அவள் ஒரு மஞ்சள் பையிலிருந்து கட்டுக் கட்டாக எடுத்துக் கவிழ்த்த வாளிமேல் அடுக்கினாள்.

"பேங்க்காரன் என்ன மேடம்னு கூப்ட்டான் நைனா. சேர் போட்டு குந்த வச்சான். இந்தா. நூத்துக்குப் பத்து எங் கமிஷன், அது பேசினதுதான். அப்பால, அந்த டாக்டரு வந்து வெளிச்சம் அடிச்சி போட்டோ புடிச்சதுல தங்கம் ரெண்டு நாளு பாலு குடுக்கல. பதினாறு லிட்டரு, எழுபது ரூபா மேனிக்கு ஆயிரத்து நூத்தி இருவது. அத்தக் கழிச்சிக்கினேன்."

ஆனந்தகுமார் எண்ணினான். மறுபடியும் எண்ணினான்.

"ஐந்நூறு குறையுதே கெங்கம்மா."

"தங்கத்துக்கு பேட்டா. நடிச்சவங்க அல்லாருக்கும் குட்தாங்களாமே?"

"அது நடிக்கவே இல்லையே!"

"பேப்பர்ல நடிச்சிக்கீதே நைனா" என்றாள் கெங்கம்மா, வாளியை நிமிர்த்தித் தண்ணீர் பிடித்தபடி. "நீயும்தான கையெழுத்து போட்டுக்கீறே."

ஆனந்தகுமார் ரயில் நிலையத்து பெஞ்சில் உட்கார்ந்து, போனை எடுத்துக் கணக்கை எழுதி முடித்தான்.

எருமை வகையில் வரவு: 2,73,000.
கெங்கம்மா கமிஷன்: 27,300.
பால் நஷ்டம்: 1,120.
தங்கத்துக்கு பேட்டா: 500.
கைக்கு வந்தது: 2,44,080.
பெயருக்காக விட்டுக்கொடுத்தது, ஷாட்டுக்கு 5,500 வீதம் 42 ஷாட்: 2,31,000. யாரிடம் கேட்பது என்று தெரியவில்லை. வராத பாக்கி.